மாசானத்தின் இலை

செவ்வாலங்குளம் நகராட்சியின் மேல் மரம் வந்து இறங்கிய கதையைச் சொல்கிறவர்கள் நகர்மன்றத் தலைவரைச் சொல்வார்கள், மரம் தங்களுடையது என்று உரிமை கோரிய கோயிலையும் தேவாலயத்தையும் சொல்வார்கள், இலை தின்ற வெள்ளாட்டைக்கூட மறக்காமல் சொல்வார்கள். அந்த மரத்தின் கீழே நாள்தோறும் குனிந்து கூட்டிய வெள்ளத்தாயை மட்டும் சொல்ல மாட்டார்கள். கேட்டால், கதைக்கு அவள் தேவைப்படவில்லை என்பார்கள். எனவே இது அவளிலிருந்தே தொடங்குகிறது: வெள்ளத்தாய், வயது நாற்பத்திரண்டு, பதினான்காம் வார்டின் ஒப்பந்தத் துப்புரவுப் பணியாளர், கணவன் மாசானம், தெய்வநாயகம் திருமண மண்டபத்தின் கழிவுத் தொட்டிக்குள் ஒரு முகூர்த்த நாளின் காலையில் இறக்கப்பட்டு, திரும்ப ஏறி வராதவன்.

அவன் இறந்து ஏழு மாதம் கழிந்த ஒரு செவ்வாய்க்கிழமை, மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்சாரம் நிறுத்தப்பட்டு, மின்விசிறிகள் ஓய்ந்து, காற்றுக்காகத் தெருவுக்கு வந்த ஜனங்கள் அண்ணாந்து பார்த்தபோது, வானத்தில் வேரூன்றி ஊரை நோக்கித் தலைகீழாக வளர்ந்த மரமொன்றைக் கண்டார்கள். அடிமரம் மேகத்துக்குள் இருந்தது. அதிலிருந்து மூன்று பெருங்கிளைகள் இறங்கின, கிளைகளிலிருந்து கொப்புகள், கொப்புகளிலிருந்து குச்சிகள், கடைசிக் குச்சியின் நுனியில் ஒரே ஓர் இலை என்று அது பிரிந்து பிரிந்து இறங்கி, ஊரிலுள்ள ஒவ்வோர் ஆளின் வாசலிலும், ஒவ்வொரு கடையின் முகப்பிலும், ஏதாவது நடந்து முடிந்த ஒவ்வோர் இடத்திலும் கையெட்டும் உயரத்தில் ஓர் இலையைத் தொங்கவிட்டிருந்தது. எவரும் அலறவில்லை. மின்சாரம் எத்தனை மணிக்கு வரும் என்று கேட்டார்கள்.

மரம் என்ன செய்யும் என்பதை ஊருக்குக் காட்டியவர் மின்வாரிய ஊழியர் ஞானதுரை. பராமரிப்பு நாளில் கம்பியில் உரசும் கிளைகளைக் கழிப்பது அவருடைய வேலை. கிளை எங்கிருந்து வருகிறது என்று விசாரிப்பது அவருடைய வேலையல்ல. பேருந்து நிலையத்துக்கு எதிரே ஒரு குச்சியைத் தொரட்டியால் இழுத்து அறுத்தார், காலை நாற்பத்தொன்று பி எத்தனை மணிக்கு வரும் என்பது ஊர் முழுவதற்கும் மறந்துபோனது. அதைப் பற்றி ஒருவரும் கவலைப்படவில்லை, அந்தப் பேருந்து ஒருநாளும் சொன்ன நேரத்துக்கு வந்ததில்லை. பிறகு அவர் ஏணியில் இன்னும் நான்கு படி ஏறி, அந்தக் குச்சி புறப்பட்ட கொப்பையே வெட்டினார். பேருந்து என்ற ஒன்றே ஊருக்கு மறந்துபோனது. நிலையத்துக்குள் நுழைந்த அந்தப் பச்சை நிறப் பெட்டியைச் சுற்றி நின்று, சன்னல் இருக்கிறது, சக்கரம் இருக்கிறது, உள்ளே இருக்கைகள் இருக்கின்றன, இதை என்ன செய்வது என்று தெரியவில்லையே என்று படித்தவர்களும் படிக்காதவர்களும் ஒரே குரலில் கேட்டார்கள்.

அரசு மருத்துவமனை மருத்துவர் இதில் புதுமையில்லை என்றார். மனிதர் மூளையும் இப்படித்தான் படிப்படியாகக் கட்டப்பட்டிருக்கிறது, முதலில் கோடுகளைக் காண்கிறது, கோடுகளைச் சேர்த்து வடிவம், வடிவங்களைச் சேர்த்து முகம், முகத்தோடு பெயர், பெயரோடு பகையும் உறவும், இங்கே கீழ்ப்படிகள் பிழைத்திருக்கின்றன, மேல்படி போய்விட்டது, அவ்வளவுதான் என்றார். நகராட்சிக் கணினிப் பிரிவில் தற்காலிகமாக வேலை பார்த்த ஜெபசெல்வி, கணினிக்குள்ளும் வேர் மேலே, இலை கீழே, ஒரு பெரிய கோப்புறையை அழித்தால் அதற்குள்ளிருக்கும் அத்தனையும் சொல்லாமல் கொள்ளாமல் போய்விடும் என்றாள். இருவர் சொன்னதையும் ஊர் மரியாதையுடன் கேட்டுக்கொண்டது. பிறகு ஒவ்வொருவரும் வீட்டுக்குப் போய்த் தத்தம் இலைக்குக் கீழே நாற்காலி போட்டு உட்கார்ந்து காவல் காத்தார்கள்.

ஊரின் சாயம் அந்த வாரத்தில் வெளுத்தது. அர்ச்சகர், வேர் மேலே உள்ள மரத்தைப் பற்றித் தம் சாத்திரத்தில் முன்பே சொல்லியிருப்பதால் காவல் உரிமை கோயிலுக்கே என்றார். பங்குத்தந்தை, தடை செய்யப்பட்ட மரத்தைப் பற்றி அதற்கும் முன்பே தம் நூலில் சொல்லியிருக்கிறது என்றார். திருமணத் தரகர்கள் சாதகத்தை மூடிவைத்துவிட்டு, மாப்பிள்ளையின் குச்சி எந்தக் கொப்பில் பிரிகிறது என்று தொலைநோக்கியில் பார்த்துச் சொன்னார்கள். தலைமுறைகளாக ஒன்றின் தண்ணீரை மற்றது குடிக்காத இரண்டு தெருக்களின் இலைகள் மேலே போய் ஒரே கணுவில் சேர்வது தெரிந்ததும், மேல்தெருக்காரர்கள் அந்தக் கணுவைச் சாக்குத்துணியால் சுற்றி மறைத்தார்கள். அண்ணன் தன் இலையை அறுத்துவிடுவான் என்று தம்பி பயந்தான், தம்பியின் பயத்தைப் பார்த்து அண்ணனுக்கு அப்படி ஓர் எண்ணம் வந்தது. ஏணிகளுக்குத் தடை வந்தது. தொரட்டி வைத்திருந்த ஆட்டுக்காரர்கள் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட்டார்கள். கீழே விழுந்த ஓர் இலையை ஒரு வெள்ளாடு தின்றுவிட, ஊரில் எவருக்கும் தெரியாத நாற்பத்தொன்று பி-யின் நேரத்துக்கு அந்த ஆடு மட்டும் தினமும் காலையில் நிலையத்தில் போய் நின்றது. அதையும் உளவாளி என்று சந்தேகித்தார்கள்.

விழுந்த இலைகளைக் கூட்டி அள்ளச் சொல்லி வெள்ளத்தாய்க்கு உத்தரவு வந்தது. கையுறை கேட்டாள், தரவில்லை. அதனால்தான், உதிர்ந்த இலையை வெறுங்கையில் பிடித்தால் அது தாங்கிய நினைவு பிடித்த ஆளுக்கு வரும், கையை விட்டால் போய்விடும் என்று ஊரிலேயே முதலில் அவளுக்குத் தெரிந்தது. பேருந்துக் கொப்பை இழுத்துக்கொண்டு போய் நேரக்காப்பாளரின் கையில் கொடுத்தாள். அவர் அன்றிலிருந்து ஒரு கையில் கொப்பையும் மறு கையில் விசிலையும் பிடித்துக்கொண்டு வேலை பார்த்தார், பேருந்துகள் ஓடின. இதைக் கண்டுபிடித்தவர் நேரக்காப்பாளர் என்று செய்தித்தாளில் வந்தது.

மாசானத்தின் சாவுக்கு நீதி கேட்டு வெள்ளத்தாய் தொடுத்திருந்த வழக்கின் விசாரணைக்கு அப்போது இருபது நாள் இருந்தது. மாசானம் குடிபோதையில் தானாகத் தொட்டிக்குள் விழுந்தான் என்பது நகர்மன்றத் தலைவர் தெய்வநாயகத்தின் வாக்குமூலம். மண்டபமும் அவருடையது, தொட்டியும் அவருடையது. இறக்கிவிட்டதைப் பார்த்தவர்கள் நான்கு பேர், பந்தி பரிமாறியவர்கள் இருவர், மேளக்காரர் ஒருவர், வீடியோ எடுத்தவர் ஒருவர். அவர்களை மிரட்டிப் பார்த்தார், மூவர் அசைந்தார்கள், ஒருவர் அசையவில்லை. மரம் வந்த பிறகு மிரட்ட வேண்டிய தேவையே இல்லை என்று அவருக்கு விளங்கியது. ஓர் இலைதானே.

'மரப் பராமரிப்பு' என்ற தலைப்பில் தீர்மானம் நிறைவேறியது. ஜெபசெல்வியை அழைத்து, மாசானம் விவகாரம் எங்கே பதிவாகியிருக்கிறது என்று கேட்டார்கள். அவள் திரையைப் பார்த்துச் சொன்னாள்: பொது சுகாதாரம், அதற்குள் புகார்கள், அதற்குள் இதர. அன்று மதியம் அவளே வெள்ளத்தாயைக் கூப்பிட்டு அதைக் காட்டினாள்.

"இதுதாங்க்கா. இந்த 'இதர'வத் தொறந்தா உள்ள இருக்கு."

"அதுக்குள்ள வேற என்னல்லாம் போட்டிருக்கீய?"

"நாய் கடிச்சது. பழைய டயரு. பூங்காவுல ஒடஞ்ச பெஞ்சு."

"எம் புருசன் பெஞ்சுக்கு முன்னயா பின்னயா?"

ஜெபசெல்வி திரையை அணைத்தாள். அந்தப் பதிவைத் தட்டச்சு செய்தவள் அவள்தான்.

குப்பைக் கிடங்கின் மேல் இறங்கியிருந்த பெருங்கொப்புதான் இதர என்று பொறியாளர் அடையாளம் காட்டினார், இயந்திர வாளால் அறுத்தார்கள். அன்று மாலைக்குள் ஊரில் தண்ணீர் நின்றது. எந்த வால்வை முதலில் திறப்பது, எதை எத்தனை சுற்று மூடுவது, சாக்கடையின் ஆள்நுழை குழிகள் எந்தச் சாலையின் தாருக்கு அடியில் இருக்கின்றன, அநாதைப் பிணத்தை எவர் தூக்குவது, செத்த நாயை எங்கே புதைப்பது, எந்த அங்கன்வாடியின் கூரை ஒழுகும் என்பவை அனைத்தும் ஊருக்கு மறந்துபோயின, தலைப்பு வைக்கத் தகுதியற்றவை என்று ஊர் ஒதுக்கியிருந்த அத்தனையும் அந்தக் கொப்பில்தான் இருந்தன. மாசானம் மட்டும் மறக்கவில்லை. தண்ணீர் வராத கோபத்தில் தேநீர்க் கடைகளில் முன்பைவிடச் சத்தமாக அவனைப் பற்றிப் பேசினார்கள்.

மூன்று நாள் வெள்ளத்தாய் அந்தக் கொப்பின் அடியில் உட்கார்ந்து, இலை இலையாகக் கையில் எடுத்து, வால்வு இலையைத் தண்ணீர் திறப்பவரிடமும், குழி இலைகளைச் சாக்கடைக்காரர்களிடமும் கொண்டுபோய்ச் சேர்த்தாள். குழாயில் தண்ணீர் வந்ததும், இத்தனை இலைகளை ஒரு குப்பைக்காரி சாக்கில் வைத்திருக்கலாமா, எவருடைய நினைவை எவருக்கு விற்கிறாளோ என்று சந்தேகம் கிளம்பியது. சாக்கைப் பறித்து ஆணையர் அறையில் வைத்துப் பூட்டினார்கள். இனி விழும் ஒவ்வோர் இலையையும் எண்ணி ஒப்படைக்க வேண்டும் என்றார்கள்.

தெய்வநாயகம் அவளை மண்டபத்துக்கு வரச் சொன்னார். உட்காரச் சொல்லவில்லை.

"இந்தாம்மா. அந்த இலை எங்க இருக்குன்னு ஒனக்குத் தெரியும். தெருத்தெருவா குனிஞ்சு பாக்கிறவ நீதான்."

"தெரியும்யா."

"எங்க?"

"நீங்க ரிசிஸ்தர்ல எங்க எழுதுனீயளோ அங்க இல்ல. ஒங்க கொப்புலதான் இருக்கு."

"என் கொப்புலயா? என் கொப்புல என் பேரு இருக்கு, எங்கப்பா பேரு இருக்கு, இந்த மண்டபம் இருக்கு. ஒம் புருசனுக்கு அங்க என்னட்டி வேல?"

"அதத்தான் நானும் ஏழு மாசமாக் கேக்கேன். கொல்லப்பக்கம் வாங்க. தொட்டி மூடிகிட்ட நின்னு அண்ணாந்து பாருங்க, மூக்குக்கு நேரே தொங்குது. கையால பறிச்சிரலாம்."

அவர் அவளை நெடுநேரம் பார்த்தார். அந்தக் காலைக்குப் பிறகு அவர் மண்டபத்தின் பின்பக்கம் போனதில்லை. மூடி இறுக்கமாக இருக்கிறதோ இல்லையோ. இவள் பின்னால் நிற்பாள். ஆட்கள் எவரும் இருக்கமாட்டார்கள். அவருடைய முகத்தில் இந்தக் கணக்கெல்லாம் ஓடியதை வெள்ளத்தாய் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் வரமாட்டார் என்று தெரிந்துதான் அவள் கூப்பிட்டாள்.

"என்னையத் தள்ளிவிடலாம்னு பாக்கியோ?"

"நான் எதுக்குத் தள்ளணும்யா? எறங்குன்னு சொன்னா எறங்கிருவீயளே, எம் புருசன் மாதிரி."

மறுநாள் காலை அவர் மின்வாரியத்தின் ஏணி வண்டியை வரவழைத்தார். ஞானதுரையை நம்பவில்லை, பொறியாளரை நம்பவில்லை. எவனாவது தம் இலையையும் சேர்த்து அறுத்துவிடுவான் என்று நினைத்து, வேறொருவரை ஏவாமல் வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு வேலையைத் தம் கையால் செய்ய முடிவெடுத்து, அரிவாளுடன் தாமே கூண்டில் ஏறினார். மேலேயிருந்து பார்த்தால் தலைப்புகள்தான் தெரியும், இலை தெரியாது. கீழே தொட்டி மூடியருகே நின்றிருந்தால் எது எந்தக் குச்சி என்று விளங்கியிருக்கும். ஆகாயத்தில் நின்றவருக்குத் தம் கொப்பின் பிரிவுகள் எல்லாம் ஒன்றுபோலவே தோன்றின. வெட்ட வேண்டிய இடத்துக்கு இரண்டு பிரிவு மேலே, தம் பெயரும் சேர்ந்து தொங்கிய இடத்தில் வெட்டினார்.

கொப்பு விழுந்தது. ஏணி வண்டியின் ஓட்டுநர் மேலே பார்த்து, "யாருய்யா அது? எங்க வண்டியில எதுக்கு ஏறுன? எறங்கு வே!" என்றார்.

அவர் இறங்கினார். தாம் எவரென்று அவருக்கும் தெரியவில்லை. நகராட்சி அலுவலகத்தில் தலைவர் நாற்காலி காலியாக இருந்ததைப் பற்றி எவரும் வியக்கவில்லை, அது எப்போதும் காலியாகவே இருந்ததென்று நம்பினார்கள். சட்டைப் பையிலிருந்த ஆதார் அட்டையில் முகவரி பார்த்து ஒரு பெரிய வீட்டுக்குப் போனார். கதவைப் பாதி திறந்த பெண்மணி, தாம் யாருடைய மனைவி என்று பத்து நிமிடமாக யோசித்துக்கொண்டிருந்தவர், "விக்கிறதுன்னா ஒண்ணும் வேண்டாம்" என்று சொல்லிச் சங்கிலியை மாட்டினார்.

வெள்ளத்தாயும் மறந்தாள். ஊரின் நினைவில் மாசானத்துக்கு இருந்தது அந்த ஒரே இலை, அவனுடைய சாவு. அவன் வாழ்ந்தான் என்பதைத் தனியாகத் தொங்கவிட ஊருக்குத் தோன்றியிருக்கவில்லை, ஆகவே அவனுடைய சிரிப்பும், சோற்றில் உப்புக் கூடினால் பேசாமல் தண்ணீர் ஊற்றிச் சாப்பிடும் பழக்கமும், அவளை அவன் 'ஏ வெள்ள' என்று கூப்பிட்ட குரலும் அந்த இலைக்குள்தான் ஒண்டியிருந்தன. மண்டபத்தின் பின்பக்கம் விழுந்து கிடந்த கொப்பை அவள் கூட்டினாள், கழுத்தில் ஏன் ஒன்றுமில்லை என்று தனக்குள் கேட்டுக்கொண்டே கூட்டினாள், குவியலை அள்ளினாள், அள்ளிய கையில் ஓர் இலை ஒட்டியது. அவள் அப்படியே தொட்டி மூடியின் மேல் உட்கார்ந்துவிட்டாள்.

அந்த இலையை அவள் ஒப்படைக்கவில்லை. விசாரணைக்கு இன்னும் ஒன்பது நாள். இடக்கையை மூடியபடியே இருந்தாள். ஒற்றைக் கையால் கூட்டினாள், ஒற்றைக் கையால் குளித்தாள், தூங்கும்போது கை திறந்துவிடாமல் துணியால் கட்டிக்கொண்டாள். கையில் என்ன என்று கண்காணிப்பாளர் கேட்டபோது வெட்டுக்காயம் என்றாள். எவரும் அவிழ்த்துப் பார்க்கவில்லை. அவளுடைய காயத்தைத் தொட எவருக்கும் மனமில்லை.

நீதிமன்றத்தில் வழக்கின் எண் இருந்தது, வழக்கு எதைப் பற்றியதென்று எவருக்கும் தெரியவில்லை. அழைப்பாணையும் ஆதார் அட்டையும் பொருந்தியதால் கொண்டுவந்து நிறுத்தப்பட்டவர், தமக்கு ஒன்றும் தெரியாது என்றார். அவர் பொய் சொல்லவில்லை. சாட்சிகள் நால்வரும் தெரியாது என்றார்கள். அவர்களும் பொய் சொல்லவில்லை. வெளியூர்க்காரரான நீதிபதி, ஓர் ஊரே இத்தனை உண்மையாகப் பேசுவதைக் கேட்டு எரிச்சலடைந்து, மனுதாரர் என்று தாளில் எழுதியிருந்த வெள்ளத்தாயைப் பார்த்தார்.

"உனக்காவது ஏதாவது தெரியுமாம்மா?"

அவள் சொன்னாள். முழுவதும் சொன்னாள். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்து, ஊரில் ஒருவருக்கும் இல்லாத நினைவு இந்த அம்மாளுக்கு மட்டும் எப்படி இருக்கிறது, கட்டிய கையில் என்ன இருக்கிறது என்று கேட்டார். கேட்டிருக்கக் கூடாத கேள்வி அது.

துணியை அவிழ்த்தாள். வேடிக்கை பார்க்க வந்திருந்த ஜெபசெல்வி பெஞ்சிலிருந்து எழுந்துவிட்டாள்.

"அக்கா, குடுக்காதீங்க. கைய விட்டுட்டா ஒங்களுக்கும் போயிரும்க்கா."

"தெரியும் செல்வி. நான் வச்சிருந்தா எனக்கு மட்டுந்தான் இருக்கும்."

அவள் இலையை நீட்டினாள். நீதிபதி வாங்கினார், நாதஸ்வரச் சத்தத்துக்குப் பின்னால் ஒரு மூடி உரசி நகர்வதைக் கேட்டார், சாம்பார் வாசனைக்கு அடியில் இருந்த வாசனையை உணர்ந்தார். சான்றைப் பரிசீலிக்க எதிராளிக்கு உரிமை உண்டென்பதால், நடைமுறை தவறாமல், அதைக் கூண்டில் நின்றவரிடம் கொடுக்கச் சொன்னார். தெய்வநாயகம் ஒரு விரலால் தொட்டார். கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டார்.

"கயிறு கட்டிக்கிடுதேன்னுதான் சொன்னான்," என்றார். "வீடியோவுல அசிங்கமாத் தெரியும்னு நான்தான் வேண்டாம்னேன்."

அதை எழுதிக்கொண்டார்கள். வெள்ளத்தாய் அந்தப் பெரியவரைப் பார்த்து, பாவம், எதற்கோ அழுகிறார் என்று நினைத்தாள். பிறகு, தான் இங்கே எதற்காக நிற்கிறோம் என்று தெரியாமல், வேலைக்கு நேரமாகிவிட்டதென்று வெளியேறினாள்.

தெய்வநாயகத்துக்கு ஏழு ஆண்டுச் சிறைத்தண்டனை கிடைத்தது. அவர் மேல்முறையீடு செய்திருக்கிறார், ஆகவே இலையைத் திருப்பித்தர இயலாது என்று நீதிமன்றம் அறிவித்தது. அது ஆறு ஆண்டுகளாக ஓர் உறைக்குள், உறை ஒரு பெட்டிக்குள், பெட்டி ஓர் அலமாரிக்குள், அலமாரி ஓர் அறைக்குள் இருக்கிறது. மரம் அப்படியே நிற்கிறது; மாதாந்திர மின்தடையன்று காவலர் முன்னிலையில் கிளை கழிக்கிறார்கள்.

வெள்ளத்தாய் பணி நிரந்தரம் செய்யப்படவில்லை. பதினான்காம் வார்டிலிருந்து இருபத்திரண்டாம் வார்டுக்கு மாற்றப்பட்டாள். ஒவ்வொரு மாதமும் முதல் திங்கட்கிழமை ஜெபசெல்வி அவளை நீதிமன்றத்துக்கு அழைத்துப்போகிறாள். எதற்கு என்று வழி முழுவதும் கேட்டுக்கொண்டே வருவாள், சொன்னால் நம்பமாட்டாள். பதிவேட்டில் கைநாட்டு வைத்ததும், எழுத்தர் உறையைப் பிரித்து அந்த இலையை அவள் கையில் பத்து நிமிடம் வைக்கிறார்.